நடுத்திட்டில் நடந்த செவ்விந்தியச் சண்டை

எருமைகளோடு எனக்கு எந்தப் பகையும் கிடையாது. இதை முதல் வரியாக எழுதிக்கொள்ளுங்கள், போலீஸ் கொமிசேர் ஐயா. உட்கார நாற்காலி கொடுத்ததற்கு நன்றி. நின்றுகொண்டு பேசினால் நான் சுருக்கமாகப் பேசிவிடுவேன். இந்த விஷயத்துக்குச் சுருக்கம் ஒத்துவராது.

என் பெயர் அரங்கநாதன். வயது நாற்பத்தொன்று. பாகூர் மேரியில், அதாவது நகராட்சி ஆபீசில், பிறப்பு, இறப்பு, கல்யாணம் மூன்றையும் பதிவு எழுதுகிற குமாஸ்தா. பத்தொன்பது வருஷமாக எழுதுகிறேன்; இதுவரை ஒரு பெயரைக்கூடப் பிழையாக எழுதியதில்லை. சீட்டாட மாட்டேன், குடிக்க மாட்டேன். ஓய்வு நேரத்தில் படிப்பேன். அவ்வளவுதான் என் பழக்கவழக்கம்.

உங்கள் கொட்டடியில் கால் முறிந்து, மூங்கில் பத்தை கட்டிக் கிடக்கிற முத்துசாமியைத் திங்கட்கிழமை ஓடைக்கு அந்தப் பக்கம் கொண்டுபோய் இங்கிலீஷ் போலீஸிடம் ஒப்படைக்கப்போவதாகக் கேள்விப்பட்டேன். கலகம் செய்தது, அத்துமீறி நுழைந்தது, பயிரை அழித்தது, ஆயுதம் தாங்கிக் கூட்டம் சேர்த்தது என்று நாலு குற்றம் அவன்மேல் எழுதியிருக்கிறார்களாம். கடலூர்ச் சிறைக்குள் போனால் திரும்பி வர மூன்று வருஷம் ஆகும் என்கிறார்கள். அவனுக்குக் காசம்மாள் என்று ஒரு மனைவி, நாலு மாதக் கைக்குழந்தை, மூன்று எருமை. அதனால் அவனை அனுப்புவதற்கு முன்னால் சில விவரங்களை உங்களுக்குச் சொல்லிவிடுவது என் கடமை என்று நினைத்தேன்.

நடுத்திட்டை நீங்கள் பார்த்திருக்கிறீர்கள். இரண்டு காணி மணல்மேடு. நாலு வருஷத்துக்கு முன்புவரை ஓடைக்கு வடக்கே பிரெஞ்சு ராஜ்யம், தெற்கே இங்கிலீஷ் ராஜ்யம். திட்டு வடக்குப் பக்கம் இருந்தது. ஓடைக்கரைக் கிராமத்து எருமைகள் அங்கே மேயும். பிறகு அந்தப் பெரிய வெள்ளம் வந்தது. தண்ணீர் வடிந்தபோது ஓடை தன் இஷ்டத்துக்கு வழி மாறி, திட்டுக்கு வடக்கே ஓடிக்கொண்டிருந்தது. திட்டு இருந்த இடத்திலேயே இருந்தது, ராஜாங்கம்தான் நகர்ந்துவிட்டது. அளக்கிறவர்கள் வருவதாகச் சொன்னார்கள். இன்னும் வரவில்லை.

அளக்கிறவர்கள் வராத இடத்துக்குப் பக்கிரி வந்தான். தெற்கேயிருந்து மனைவி மணியம்மாள், நாலு ஆடு, ஒரு கலப்பை சகிதம் வந்து, திட்டில் குடிசை போட்டு, மூங்கில் படலைக் கதவாக வைத்து வேலி கட்டி, மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, விதைத்தான். நல்ல உழைப்பாளி. முத்துசாமியின் எருமைகள் வேலிக்கு இந்தப் பக்கம் நின்று மல்லாட்டைச் செடியைப் பார்த்துக்கொண்டிருக்கும். ஓடைக்கரைக்காரர்களும் அப்படியே நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். இரண்டு வருஷம் இப்படியே போயிற்று. நான் ஒன்றும் சொல்லாமல் இருந்திருந்தால் இன்னும் இருபது வருஷம் இப்படியே போயிருக்கும்.

ஆடி மாதம் முத்துசாமி தன் பெண் குழந்தையின் பிறப்பை எழுத மேரிக்கு வந்தான். நான் கையில் புத்தகம் வைத்திருந்தேன். காரைக்காலுக்கு மாற்றலாகிப் போன ஒரு துரை தன் வீட்டில் விட்டுப்போன பிரெஞ்சுப் புத்தகம்.

"இன்னா குமாஸ்தா ஐயா, இது ஆபீசுப் புஸ்தகமா?" என்றான்.

"கதை. அமெரிக்காவில் இந்தியர்களுக்கும் அங்கே குடியேற வந்த வெள்ளைக்காரர்களுக்கும் நடந்த சண்டை."

"இந்தியன்னா நாமதான?"

இல்லை என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். ஆனால் பிரெஞ்சில் அவர்களுக்கும் நமக்கும் ஒரே சொல்தான். நம் காகிதங்களில் முத்துசாமியையும் அந்தச் சொல்லாலேதான் எழுதுகிறோம். நான் பதிவு எழுதுகிறவன். எழுத்தில் இருப்பதற்கு மாறாகப் பேசிப் பழக்கமில்லை. "நாம்தான்" என்றேன்.

"நம்மாளு அவ்ளோ தூரம் போயிகிறானா?" என்றான் முத்துசாமி. அவன் முகம் மலர்ந்தது. தூரத்துச் சொந்தக்காரன் ஒருவன் நன்றாக இருக்கிறான் என்று கேள்விப்பட்டவன்போல மலர்ந்தது. அந்த முகத்தைக் கெடுக்க எனக்கு மனம் வரவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமையே ஓடைக்கரைக்குப் போனேன். புங்கமரத்தடியில் பத்துப் பன்னிரண்டு பேர் கூடியிருந்தார்கள். புத்தகத்தில் வருகிற இந்தியக் கூட்டத்துக்குக் கிரீக் என்று பெயர். இங்கிலீஷில் அதற்குச் சிற்றோடை என்று பொருள். ஓடைகளின் கரையில் வாழ்ந்ததால் வந்த பெயர். அதை நான் ஓடைக்காரர்கள் என்று தமிழ்ப்படுத்தினேன். மொழிபெயர்ப்பில் தவறில்லை. ஓடைக்கரை என்கிற ஊரில் உட்கார்ந்து அப்படி மொழிபெயர்த்தது தற்செயல் என்று சொன்னால் நீங்கள் நம்ப மாட்டீர்கள், நானும் வற்புறுத்தவில்லை.

ஓடைக்காரர்களின் நிலத்தில் அமெரிக்கர்கள் வந்து வேலி கட்டுகிறார்கள் என்றதும் யாரோ பெருமூச்சு விட்டார்கள். ஓடைக்காரர்களின் தலைவன் சண்டைக்குப் புறப்பட்டான் என்றதும் எல்லோரும் முத்துசாமியைப் பார்த்தார்கள். அவனுக்குத்தான் மூன்று எருமை. தலைவனின் பெயர் செங்கழுகு என்றேன்.

அதில்தான் முதல் தகராறு வந்தது. முத்துசாமி எழுந்து நின்றுவிட்டான்.

"கழுவா? பொணந்தின்னிப் பேரு எனக்கு எதுக்குய்யா? வூட்டுல சொன்னா சோறு போட மாட்டா."

"அமெரிக்காவில் அது மரியாதையான பறவை, முத்துசாமி."

"அங்க மரியாதியா இருக்கும். இங்க அது சுடுகாட்டுல இருக்குது."

அரைமணி நேரம் பேசி, கருடன் என்று முடிவு செய்தோம். இப்படித்தான் செங்கழுகு செங்கருடன் ஆனது. புத்தகத்திலிருந்து நான் விலகிய முதல் இடம் அது. இரண்டு நாள் எனக்குத் தூக்கம் சரியில்லை.

பக்கிரியிடமும் நான்தான் போனேன். ஒரு பக்கம் மட்டும் கதை தெரிந்திருந்தால் சண்டை நியாயமாக இராது என்பது என் எண்ணம். அவனிடம் அதே கதையைக் குடியேறிகள் பக்கமிருந்து சொன்னேன். வேலியை உயர்த்தச் சொன்னேன். கோட்டை என்றால் நாலு மூலையும் உறுதியாக இருக்க வேண்டும் என்று விளக்கினேன். பக்கிரி மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு கேட்டான்.

"நான் யாருன்னு சொன்ன, ஐயா?"

"அமெரிக்கன்."

"அது எந்தாண்ட இருக்குது? விழுப்புரத்துக்கு அந்தாண்டையா?"

"ஏறக்குறைய."

"அங்க எனக்கு ஒறமொற யாரும் இல்லீயே," என்றான். ஆனாலும் வேலியை உயர்த்தினான். படித்தவன் சொன்னால் கேட்கிற ஜனங்கள், கொமிசேர் ஐயா. இரண்டு கரையிலும் அப்படித்தான்.

இப்போது குச்சிகளுக்கு வருகிறேன். உங்கள் மேஜைமேல் கிடக்கிற அந்தக் கட்டு என் கையால் கட்டியது.

கிரீக் இந்தியர்களில் சண்டைக்குத் துணிந்தவர்களுக்குச் செங்கொம்பர், அதாவது சிவப்புக் குச்சிக்காரர்கள், என்று பெயர். நட்புக் கிராமங்களுக்கு அவர்கள் குச்சிக்கட்டு அனுப்புவார்கள். தினம் ஒரு குச்சியை எடுத்துப்போட வேண்டும். குச்சி தீர்ந்த அன்று எல்லாக் கிராமமும் ஒரே நேரத்தில் பாயும். எழுத்தறியாதவர்களுக்கு இதைவிட நல்ல பஞ்சாங்கம் கிடையாது. படித்தபோது எனக்கு மெய்சிலிர்த்தது. கருவேலங்குச்சி நாற்பத்தைந்து வெட்டி, ஒரே அளவாகச் சீவி, மாட்டுக் கொம்புக்குப் பூசுகிற காவியில் தோய்த்து, பதினைந்து பதினைந்தாக மூன்று கட்டு கட்டினேன். ஒன்று முத்துசாமிக்கு. ஒன்று ஒதியம்பட்டுக்கு. ஒன்று கரையாம்புத்தூருக்கு, அங்கேதான் முத்துசாமியின் தங்கை தனக்கொடியைச் சாமிக்கண்ணு என்பவனுக்குக் கொடுத்திருக்கிறது. ஐப்பசி மாதம் ஒரு திங்கட்கிழமை வண்டிக்காரன் கையில் கொடுத்தனுப்பினேன். கூடவே ஒரு சீட்டு: "தினம் ஒரு குச்சி. தீர்ந்ததும் புறப்பட்டு வரவும்."

தெளிவாகத்தான் எழுதியிருந்தேன். இன்றைக்கும் அதில் ஒரு சொல்லை மாற்ற மாட்டேன்.

கருவேலங்குச்சியை ஒரே அளவாகச் சீவி ஒரு வீட்டுக்கு அனுப்பினால் அந்த வீட்டில் அதை என்ன செய்வார்கள் என்று நான் யோசிக்கவில்லை. புத்தகத்திலும் அதைப் பற்றி எச்சரிக்கை எதுவும் இல்லை.

தனக்கொடி கட்டைப் பிரித்துப் பார்த்து, "எங்கண்ணன் சீர் அனுப்பிகிது," என்று தெருவெல்லாம் சொல்லியிருக்கிறாள். சீரென்றால் வெல்லமும் வாழைப்பழமும் வரும்; பல்குச்சி வந்திருக்கிறதே என்று மாமியார் கேட்டதற்கு, "கலர் அடிச்சு அனுப்பிகிது பாரு, யாரு வூட்டுல அனுப்புவாங்க?" என்றாளாம். அந்த வீட்டில் ஆண்கள் ஏழு பேர்: சாமிக்கண்ணு, அவன் தகப்பன், தம்பிகள் ஐந்து பேர். தினம் ஒரு குச்சி என்பதை ஆளுக்கு ஒன்று என்று படித்துக்கொண்டார்கள். முதல் நாள் ஏழு, இரண்டாம் நாள் ஏழு. மூன்றாம் நாள் காலையில் மிச்சமிருந்த ஒன்றைத் தகப்பனாருக்குக் கொடுத்து, சீட்டில் கண்டபடி புறப்பட்டு வந்துவிட்டார்கள்.

ஏழு பேருக்கும் பல் செக்கச்செவேலென்று இருந்தது. காவி நல்ல காவி.

ஒதியம்பட்டுக்காரர்கள் வரவே இல்லை. என் கட்டு ஒரு குச்சி குறைவாகத் திரும்பி வந்தது; கூடவே ஒரு கட்டு நாயுருவிக் குச்சி. "உங்க குச்சி சொரசொரன்னு ஈறைக் கிழிக்குது. இது நல்ல குச்சி. இதைப் பாத்துக் கத்துக்குங்க," என்று வண்டிக்காரன் வாயிலாகச் சொல்லியனுப்பியிருந்தார்கள். அத்துடன் அந்த நட்பு முடிந்தது.

சண்டைக்கு இன்னும் பன்னிரண்டு நாள் இருந்தது. படை வந்துவிட்டது. சாமிக்கண்ணு, "இன்னா மச்சான் விசேஷம்? எங்க பந்தலையே காணோம்?" என்று கேட்டான். சண்டை என்று சொன்னதும், "சண்டையா? அத இன்னிக்கே முடிச்சுட்டுப் போலாமே, எனக்கு நடவு கெடக்குது," என்றான். நான்தான் தடுத்தேன். தேதி தேதிதான். முத்துசாமியின் கட்டில் இன்னும் பன்னிரண்டு குச்சி பாக்கியிருந்தது. அவன் மட்டும் தினம் ஒன்றாக முறித்துப்போட்டு வந்தான். நான் நேரில் சொல்லிக்கொடுத்ததால்.

அந்தப் பன்னிரண்டு நாளும் ஏழு பேருக்கும் காசம்மாள்தான் பொங்கிப்போட்டாள். ஐந்தாம் நாள் அவள் மேரிக்கே வந்து ஜன்னல் வழியாகப் பேசினாள்.

"யோவ் குமாஸ்தா, உன் கதையில சோறு ஆக்கறவ யாரு?"

"அப்படி ஒருத்தியைப் பற்றிப் புத்தகத்தில் இல்லை, அம்மா."

"இருக்காது. பொங்கிப் போடறவ எவ உன் புஸ்தகத்துல வந்துட்டா? இவனுங்க சண்டைக்கு வந்தவனுங்களா, சோத்துக்கு வந்தவனுங்களா? எங்கண்ணு எதிர்ல ஏழு பேரும் பல்லக் காட்டிகினு குந்திகினு இருந்தா புள்ள வீல் வீல்னு கத்துதுய்யா. இன்னிக்கே சண்டையப் போட்டு அனுப்பி வையி."

நான் அவளிடம் வரலாற்றின் ஒழுங்கைப் பற்றிக் கொஞ்சம் சொன்னேன். அவள் ஜன்னல் கதவைச் சாத்திவிட்டுப் போனாள். வெளிப்பக்கமாக.

பதின்மூன்றாம் நாள் பக்கிரி சமாதானம் அனுப்பினான். இதுவரை உங்கள் விசாரணையில் இந்தத் தகவல் வரவில்லை என்று நினைக்கிறேன். ஓடைக்கு எதிர்க்கரையில் ஏழு பேரின் சிவப்புப் பல்லைப் பார்த்து அவன் பயந்துபோயிருந்தான். இயல்பாகவே நியாயமான மனுஷனும்கூட. மணியம்மாள் ஓலைப்பெட்டி நிறைய அவித்த மல்லாட்டையுடன் என் வீட்டுக்கு வந்தாள்.

"அறுப்பு முடிஞ்சதும் எருமைங்க உள்ள மேஞ்சிக்கட்டும், தழையெல்லாம் அதுங்களுக்குத்தான். அடுத்த வருசம் பாதித் திட்டு அவங்க வெச்சிக்கட்டும். எங்களுக்கு யார்கிட்டயும் வம்பு இல்ல. நீ படிச்சவன், சாமி; நீயே போயிச் சொல்லிடு," என்றாள்.

நல்ல நிபந்தனைகள். முத்துசாமி உடனே ஒப்புக்கொண்டிருப்பான். அவன் கேட்டதற்கும் கூடுதல். கையில் பெட்டியை வைத்துக்கொண்டு நீண்டநேரம் யோசித்தேன். இன்னும் இரண்டே குச்சி பாக்கி. மல்லாட்டை சூடாக இருந்தது. உப்புப் போட்டுப் பதமாக அவித்திருந்தாள். ஒன்றை உரித்து வாயில் போட்டேன். இருட்டுவதற்குள் பெட்டி காலியாகிவிட்டது. சேதி சொல்ல எதையும் கையில் கொண்டுபோக முடியாத நிலையில், சேதியையும் சொல்லவில்லை.

பதினைந்தாம் நாள், உச்சிவேளை. புத்தகத்தில் கோட்டைக்குள் சாப்பாட்டுக்குப் பறை கொட்டுகிற நேரத்தில்தான் செங்கொம்பர் பாய்கிறார்கள். கோட்டைக் கதவைச் சாத்த முடியவில்லை. காற்றடித்து மணல் குவிந்து கதவு அசையவில்லை. அதனால் அன்று காலையிலேயே பக்கிரியின் படலுக்கடியில் நாலு கூடை மணல் கொட்டிவிட்டு வந்திருந்தேன். அவசியமே இல்லை என்று பிறகுதான் தெரிந்தது. அந்தப் படல் ஆரம்பத்திலிருந்தே சாத்தாது, ஆடுகளுக்குக்கூடத் தெரியும்.

பதின்மூன்று பேர் பனைமரங்களுக்குப் பின்னால் ஒளிந்திருந்தார்கள். முத்துசாமி மட்டும் குதிரைமேல். தலைவன் என்றால் குதிரை வேண்டும். ஜட்கா உலகநாதனிடம் மாப்பிள்ளை அழைப்பு என்று சொல்லி வாடகைக்குப் பிடித்திருந்தேன். அதனால் குதிரை கழுத்தில் மாலை இருந்தது. எடுக்க நேரமில்லை.

மணியம்மாள் அன்று உலை வைக்கத் தாமதமாகிவிட்டது. விறகு ஈரம். பாய வேண்டியவர்கள் ஒரு மணி நேரம் குந்தியிருந்தார்கள். பனைமரத்துப் பின்னாலிருந்து முத்துசாமி என்னைப் பார்த்து, "இன்னும் வடிக்கவே இல்லியே, ஐயா?" என்று சைகை காட்டினான். அந்தச் சமயத்தில் பக்கிரி வெளியே வந்தான். பார்த்துவிட்டான். 

"யாரு, முத்துசாமியா? மாலையெல்லாம் போட்டுகினு எங்க கெளம்பிட்ட?" என்றான் பக்கிரி. "ஏதோ ஆக்கி வெச்சிகிது. வாங்கப்பா, எல்லாரும் வந்து ஒரு வாய் சாப்புடுங்க."

முத்துசாமி குதிரையிலிருந்து ஒரு காலைக் கீழே வைத்துவிட்டான். சாமிக்கண்ணு வேட்டியைத் தட்டிக்கொண்டு எழுந்தான். மூன்று மாத வேலை. நாற்பத்தைந்து குச்சி. நான் என் பக்கத்திலிருந்த மண்ணெண்ணெய்த் தகரத்தை எடுத்து, பலம்கொண்ட மட்டும் அடித்தேன்.

பறை நான்தான். இங்கே தயவுசெய்து ஒரு கோடு போட்டுக்கொள்ளுங்கள்.

தகரச் சத்தத்தில் ஆடுகள் மிரண்டு சாமிக்கண்ணுவின் தகப்பன்மேல் விழுந்தன. கிழவரை யாரோ அடித்துவிட்டார்கள் என்று மகன்கள் ஆறு பேரும் பல்லைக் காட்டிக்கொண்டு வேலிக்குள் பாய்ந்தார்கள். மணியம்மாள் அகப்பையோடு வந்தாள். முதல் அடி சாமிக்கண்ணுக்கு. பிறகு எல்லோரும் மல்லாட்டைச் செடியைப் பிடுங்கி ஒருவர்மேல் ஒருவர் வீசினார்கள். கொத்துக் கொத்தாகக் காய் பறந்தது. கால்மணி நேரத்தில் இரண்டு காணியிலும் வேர் மேலே, தழை கீழே. குடிசை சாய்ந்தது, குதிரை சாய்ந்து சொறிந்துகொண்டதால் என்று நினைக்கிறேன். பக்கிரிக்கு அந்த வருஷத்து வெள்ளாமையில் ஒரு மூட்டைகூடத் தேறாது. குளிருக்குள் வேறு குடிசையும் போட வேண்டும். நான் கணக்கான இடத்தில், மரத்தடியில் நின்று எல்லாவற்றையும் கவனித்தேன்.

அதற்குள் தெற்கேயிருந்து இரண்டு இங்கிலீஷ் சேவகர்கள் ஓடி வந்தார்கள். தற்செயலாக வரவில்லை. முந்தின நாளே மொட்டைக்கடிதம் போயிருந்தது. என் கையெழுத்து உங்களுக்குத் தெரியும். கடிதத்தை வரவழைத்துப் பார்த்தால் ஒத்துப்போகும். தலைவனைத் துரத்த யாராவது வேண்டியிருந்தது.

சேவகர்களைக் கண்டதும் முத்துசாமி மறுபடி குதிரைமேல் ஏறிக்கொண்டான். தலைவன் ஓடினான். அதாவது குதிரை ஓடியது. நான் இன்னொரு முறை தகரத்தை அடித்ததில் அது முத்துசாமியோடு ஓடையைத் தாண்டி, வடக்கே பாகூர் ஏரிக்கரைமேல் ஏறிவிட்டது. கரைமேல் ஒரே வழிதான். ஏரியின் உபரித்தண்ணீர் வழிகிற கலிங்கலுக்குக் குறுக்கே பனந்துண்டு போட்டு மண் பரப்பிய பாலம் இருக்கிறதே, அதைத் தாண்டிவிட்டால் ஊர். பிறகு யாரும் பிடிக்க முடியாது.

பனந்துண்டு அங்கே இல்லை. அன்று விடிவதற்குள் நாலு கூலியாள் வைத்து நான்தான் எடுக்கச் சொன்னேன். மராமத்து என்று சொன்னேன். மேரி குமாஸ்தா சொன்னால் கேட்பார்கள்.

கலிங்கலுக்கு இரண்டாள் உயரம் கீழே தண்ணீர். நான் முன்னாலேயே குறுக்குவழியில் ஓடி, எதிர்க்கரையில் நல்ல இடமாகப் பார்த்து நின்றுகொண்டேன். குதிரை வந்தது. பின்னால் சேவகர்கள் வந்தார்கள். முத்துசாமி என்னைப் பார்த்து, "பாலம் எங்கய்யா? ஐயா, பாலம் எங்க?" என்று கத்தினான். "தாவச் சொல், முத்துசாமி," என்றேன்.

ஜட்காக் குதிரை, கொமிசேர் ஐயா. ஆள் ஏற, ஆள் இறங்க என்று அதற்கு வாழ்நாளெல்லாம் நிற்பதுதான் பயிற்சி. கரை விளிம்பில் நின்றுவிட்டது. முத்துசாமி மட்டும் போனான்.

தண்ணீரில் விழவில்லை, கலிங்கல் கல்லில் விழுந்தான். கால் முறிந்த சத்தம் எனக்குக் கேட்டது. சேவகர்களுக்கு நீச்சல் தெரியாது. பின்னாலேயே ஓடிவந்த பக்கிரிதான் இறங்கி, அவனைத் தோளில் போட்டுக் கரையேற்றினான். "உனுக்கு இன்னாடா பைத்தியமா? சாப்புட்டுப் போன்னுதான சொன்னன்?" என்று அழுதுகொண்டே திட்டினான். புத்தகத்தில் அப்படி எதுவும் இல்லை. குதிரை மாலையைத் தின்றுகொண்டிருந்தது. எனக்கு ஏற்பட்ட ஏமாற்றத்தை இப்போதும் வார்த்தையில் சொல்லத் தெரியவில்லை.

ஏன் என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி. ஓடைக்கரை ஜனங்களுக்கு மேய்ச்சல் நிலம் வேண்டும் என்பதற்காக என்று சொல்லலாம். அதைப் பெட்டியோடு கொண்டுவந்து கொடுத்தபோது நான் என்ன செய்தேன் என்று சொல்லிவிட்டேன்.

துரை விட்டுப்போன புத்தகத்துக்குக் கடைசிப் பக்கங்கள் இல்லை. கரையான் தின்றுவிட்டது. இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தோடு நிற்கிறது. சண்டையில் தோற்று, சிப்பாய்கள் சூழ்ந்துகொள்ள, செங்கழுகு ஆற்றங்கரைச் செங்குத்து மேட்டின்மேல் தன் குதிரையை விரட்டுகிறான். கீழே ஆழத்தில் ஆறு. குதிரை தாவுகிறது. நாலு காலும் அந்தரத்தில். பக்கம் முடிந்துவிட்டது. புதுச்சேரியில் எனக்குத் தெரிந்த எல்லா இடத்திலும் தேடினேன். கிடைக்கவில்லை. மூன்று வருஷமாக அந்தக் குதிரை என் தலைக்குள் அந்தரத்தில் நிற்கிறது. படிக்கிற பழக்கம் உள்ளவர்களுக்கு இந்த வேதனை புரியும். முதலிலிருந்து எல்லாவற்றையும் அதேபோல நடத்தினால் முடிவு தானாக வந்துசேரும் என்று எண்ணினேன். அது ஒரு முறையான எண்ணம்தான். முத்துசாமி குதிரையைத் தொடையால் இன்னும் கொஞ்சம் இறுக்கிப் பிடித்திருந்தால் நடந்திருக்கவும்கூடும்.

ஆகவே கதை சொன்னது, கோட்டை கட்டச் சொன்னது, குச்சி அனுப்பியது, சமாதானத்தைத் தின்றது, மணல் கொட்டியது, தகரம் அடித்தது, மொட்டைக்கடிதம் எழுதியது, பாலத்தை எடுத்தது எல்லாம் நானே. வேறு யாருக்கும் இதில் பங்கு இல்லை. முத்துசாமி ஒரு குதிரைமேல் உட்கார்ந்திருந்தான். அவ்வளவே அவன் செய்தது.

இத்தனை நாள் ஏன் வரவில்லை என்று காசம்மாள் கேட்பாள். ஒன்பது நாளாகக் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு என் வீட்டு வாசலில் நிற்கிறாள். "நீ போயி உண்மையச் சொல்லுய்யா, அவரு வந்துருவாரு," என்பதைத் தவிர வேறு எதுவும் சொல்லவில்லை. அவளுக்குத் தண்ணீர் கொடுத்தேன். மனசாட்சி என்பது சிலருக்கு மெதுவாகத்தான் பேசும். எனக்கு இன்று காலை பத்தரை மணிக்குப் பேசியது. நீங்கள் மேரிக்கு வந்து, இந்தக் குச்சிக்கட்டை எங்கள் நகராட்சித் தலைவரான மேரிடம் காட்டிச் சிரித்தீர்கள் அல்லவா. பள்ளிக்கூடத்தில் உங்களுக்குப் பரிசாகக் கொடுத்த புத்தகத்தில் இதே மாதிரி ஒரு கட்டு வரும், அட்டை முதல் அட்டை வரை நாலு தடவை படித்தேன் என்றீர்கள். அடுத்த அறையில் நான் ஒரு இறப்பை எழுதிக்கொண்டிருந்தேன். பேனாவை வைத்துவிட்டு நேராக இங்கே வந்தேன். முத்துசாமி படும் கஷ்டத்தை அதற்குமேல் என்னால் பொறுக்க முடியவில்லை.

எழுதியதைப் படித்துப் பார்த்தேன். சரியாக இருக்கிறது, கலிங்கல் என்கிற சொல்லில் மட்டும் ஒற்றுப்பிழை, திருத்திவிட்டேன். கையெழுத்தும் போட்டுவிட்டேன். கடலூருக்கு என்னை அனுப்புங்கள், முத்துசாமியை இன்றே வீட்டுக்கு விடுங்கள். அதற்காக மட்டும்தான் வந்தேன் என்பதைக் கடைசி வரியாகச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

சேர்த்துவிட்டீர்களா? நல்லது. இப்போது சொல்லுங்கள், ஐயா: அந்தக் குதிரைக்கு என்ன ஆயிற்று?